புது மெஷின், பழைய கணக்கு

கேள்வி இதுதான்: முதல் தடவை எஸ்கலேட்டரில் கால் வைக்கத் தயங்குகிறவர், வீடியோ காலில் நெற்றியையும் மின்விசிறியையும் மட்டும் காட்டுகிற பாட்டி, மவுஸைக் கீழே வைத்துக் காலால் மிதிக்கிறவர். இவர்களைப் பற்றிய ஜோக்குகளுக்கு நாம் ஏன் விழுந்து விழுந்து சிரிக்கிறோம்? படிக்காதவர்களையும் வயதானவர்களையும் கேலி செய்வதைத் தவிர அதில் வேறு என்ன இருக்கிறது?

பாதி ஜோக்குகளில் வேறு ஒன்றுமே இல்லை. "ஒரு கிராமத்தான் மெட்ராசுக்கு வந்தானாம்" என்று ஆரம்பிக்கிறவை பெரும்பாலும் அந்த ரகம்தான். ஆளை மட்டம் தட்டினால் போதும், மெஷின் எதுவாக இருந்தாலும் அந்த ஜோக் ஓடிவிடும். மீதிப் பாதி அப்படியில்லை. அதில் வருகிற ஆள் போடும் கணக்கு சரியான கணக்கு. இதற்கு முன்னால் புழங்கிய மெஷின் அவருக்குச் சொல்லிக்கொடுத்த கணக்கு. புது மெஷினுக்கு அது ஒத்துவரவில்லை, அவ்வளவுதான். நல்ல சிரிப்பு வருவது அந்த இடைவெளியிலிருந்துதான் என்பது என் கட்சி.

தொண்ணூறுகளில் மேற்கு மாம்பலத்தில் ஒரு கம்ப்யூட்டர் சென்டரில் பாடம் எடுத்தவன் நான். இப்போது நங்கநல்லூரில் எங்கள் ஃபிளாட்ஸுக்குச் சம்பளமில்லாத ஹெல்ப்லைன். ஆகவே இந்த ரகக் கதைகளுக்குப் பஞ்சமே இருந்ததில்லை.

அந்தக் காலத்துக் கம்ப்யூட்டர் ரூம் ஞாபகம் இருக்கிறவர்களுக்குத் தெரியும்: செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். தூசி ஆகாது, ஏசி அறை, கதவைத் திறந்து போடாதே என்று ஆயிரம் காரணம் சொல்வோம். வந்தவர்கள் கேட்டுக்கொண்டது ஒன்றைத்தான். செருப்பைக் கழற்றிவிட்டு, ஜில்லென்று இருட்டாக இருக்கிற அறைக்குள், சத்தம் போடாமல் போக வேண்டும் என்றால் அது என்ன இடம் என்று நம் ஊர்க்காரருக்குத் தனியாகச் சொல்ல வேண்டுமா? கன்னத்தில் போட்டுக்கொள்ளாத குறைதான். ஆயுத பூஜை வந்தால் அந்தக் குறையும் தீர்ந்துவிடும். மானிட்டருக்குச் சந்தனம், குங்குமம், சிபியு மேல் பூச்சரம், பிரிண்டருக்குத் தனியாக ஒரு பொட்டு. ஐடி கம்பெனிகள் பழைய மகாபலிபுரம் சாலையில் கண்ணாடிக் கட்டடம் கட்டிக்கொண்டு போன பிறகும் இந்தப் பழக்கம் போகவில்லை. எல்லாம் கிளவுடுக்கு, அதாவது எங்கோ இருக்கிற கம்ப்யூட்டருக்கு, போய்விட்டதே, இனி பொட்டை எங்கே வைப்பது என்பதுதான் பிரச்சினை.

மவுஸ் விஷயத்துக்கு வருகிறேன். அப்போது மவுஸுக்கு அடியில் ஒரு ரப்பர் உருண்டை இருக்கும். அதைக் கழற்றி, உள்ளே உருளைகளில் சுற்றிக்கொண்ட அழுக்கை நகத்தால் சுரண்டி எடுப்பதே எங்களுக்குத் தினசரி வேலை. மின்வாரியத்தில் கணக்குப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவர் சேர்ந்தார். கூட்டல் கழித்தலில் கால்குலேட்டரைத் தோற்கடிக்கிற மனிதர். மவுஸைப் பிடித்து, அம்பைத் திரையின் வலது ஓரத்துக்குக் கொண்டுபோகச் சொன்னேன். மெதுவாக, கோடு போடுகிற கவனத்தோடு நகர்த்திக்கொண்டே போனார். பாதி வழியில் நின்றுவிட்டார்.

"என்ன சார்?"

"மேஜை தீர்ந்துபோச்சு தம்பி."

பார்த்தால், மவுஸ் மேஜை விளிம்பில் தொங்குகிறது. அம்பு இன்னும் திரையின் நடுவில். தூக்கி மறுபடியும் இந்தப் பக்கம் வைத்து நகர்த்துங்கள் என்றேன். அவர் சந்தேகமாகப் பார்த்தார். "தூக்கினா அம்பும் கூட வராதா?"

சிரித்தோம், அவரும் சேர்ந்துதான். ஆனால் அந்தக் கேள்வியில் என்ன தப்பு? இந்தப் பக்கம் நகர்த்தினால் அம்பு இந்தப் பக்கம் வரும், அந்தப் பக்கம் நகர்த்தினால் அந்தப் பக்கம் போகும் என்று சொல்லிக்கொடுத்தது நான். தூக்கினால் மட்டும் ஒன்றும் ஆகாது என்பதை அவர் எப்படி ஊகிப்பார்? பேனாவிலிருந்து ஸ்கேல்வரை அவர் கையில் பிடித்த எந்தக் கருவியும் அப்படி நடந்துகொண்டதில்லை.

இது மாம்பலத்துச் சங்கதி மட்டுமில்லை. 1994இல் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் பத்திரிகை, அமெரிக்கக் கம்ப்யூட்டர் கம்பெனிகளின் உதவி எண்களுக்கு வரும் அழைப்புகளைப் பற்றி ஒரு செய்தி போட்டது. மவுஸைத் தரையில் வைத்துக் காலால் அழுத்திய ஒருவர், ஃப்ளாப்பியை நகல் எடுக்கச் சொன்னதும் ஜெராக்ஸ் மெஷினில் வைத்து நகல் எடுத்தவர், தாளைத் திரைக்கு முன்னால் பிடித்துக்கொண்டு ஃபேக்ஸ் போகவில்லையே என்றவர் எல்லோரும் அதில் உண்டு. "ஏதாவது ஒரு கீயை அழுத்தவும்" என்று திரையில் வருகிறதே, அந்த "ஏதாவது" கீ எங்கே இருக்கிறது என்று கேட்டு அத்தனை பேர் கூப்பிட்டதால், அந்த வாசகத்தையே மாற்றிவிடலாமா என்று காம்பேக் கம்பெனி யோசித்ததாம். மவுஸை மிதித்தவரையே எடுத்துக்கொள்ளுங்கள்: தையல் மெஷின் மிதித்துப் பழகியவருக்குக் கால்தானே முதலில் நீளும்? நான் அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு ஒரே ஆறுதல்: படித்த நாட்டிலும் இதே கணக்குதான் போடுகிறார்கள்.

இதில் இன்னொரு வேடிக்கை உண்டு. 1990இல் விண்டோஸ் 3.0உடன் சாலிடேர் சீட்டாட்டத்தைச் சேர்த்தார்கள் இல்லையா, அது மக்களை மவுஸுக்குப் பழக்கத்தான் என்று சொல்வார்கள். ஒரு சீட்டைப் பிடித்து இழுத்து இன்னொன்றின் மேல் போடு, பயம் தெளிந்துவிடும். எங்கள் சென்டரில் அந்த ஆட்டத்தைத் திறந்து கொடுத்தால் மவுஸ் பயம் போய்விடும், வேறு பயம் வந்துவிடும். "பீஸ் கட்டி அனுப்பினது சீட்டாடவா?" என்று ஒரு அம்மா பையனைக் காதைப் பிடித்து இழுத்துக்கொண்டே போய்விட்டார். பாடத்திட்டம் என்று நான் விளக்கியது எடுபடவில்லை.

எஸ்கலேட்டருக்குப் போவோம். சென்னை மெட்ரோ 2015 ஜூனில் கோயம்பேட்டுக்கும் ஆலந்தூருக்கும் இடையில் ஓட ஆரம்பித்தபோது, ரயிலைப் பார்க்க வந்த கூட்டத்தில் பாதிப்பேருக்கு எஸ்கலேட்டர்தான் முதல் பரீட்சை. அந்த வாசலில் கொஞ்ச நேரம் நின்று பார்த்தால் தெரியும். ஒரு அம்மா வருகிறார். ஒரு கையில் பை, மறு கையால் புடவைக் கொசுவத்தை கணுக்காலுக்கு மேலே தூக்கிப் பிடித்தாயிற்று. வலது காலை நீட்டுகிறார். படி நகர்ந்துவிட்டது. காலை இழுத்துக்கொள்கிறார். அடுத்த படி வருகிறது, அதுவும் போகிறது. பின்னால் வரிசை சேர்கிறது. "ஏறும்மா" என்கிறார் ஒருவர். "இருப்பா, நல்லதா ஒண்ணு வரட்டும்" என்கிறார் அம்மா. எல்லாப் படியும் ஒரே படிதான் என்று அவரிடம் யார் சொல்வது? கடைசியில் காவலுக்கு நின்ற பெண் வந்து கையைப் பிடித்து, "ஒண்ணு, ரெண்டு, இப்ப வைங்க" என்று ஏற்றிவிட்டார். மேலே போய்ச் சேர்ந்ததும் அந்த அம்மா செய்த முதல் காரியம், திரும்பி, கீழே இருந்த தன் வீட்டுக்காரரைப் பார்த்துச் சிரித்ததுதான். அவர் மாடிப்படியைப் பிடித்து ஏறிக்கொண்டிருந்தார்.

லண்டன் ஹாரட்ஸ் கடையில் 1898இல் நகரும் படிக்கட்டு வைத்தபோது, மேலே போய்ச் சேர்ந்தவர்களுக்குப் படபடப்பு அடங்க பிராந்தி கொடுத்திருக்கிறார்கள். வெள்ளைக்காரச் சீமாட்டிகளுக்கு பிராந்தி தேவைப்பட்ட இடத்தில் நம் ஊர் அம்மா ஒரு கை பிடித்தலோடு சமாளித்துவிட்டார். நம்மாள் மேல்.

எஸ்கலேட்டர் பழகியவர்களுக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. ஓடாமல் நின்றுபோன எஸ்கலேட்டரில் ஏறும்போது ஒரு கணம் உடம்பு முன்னால் சாய்ந்து தடுமாறுமே, கவனித்திருக்கிறீர்களா? நம் ரயில் நிலையங்களில் இதைப் பயிற்சி செய்ய வாய்ப்புக்குக் குறைவில்லை. லண்டன் இம்பீரியல் கல்லூரியில் ரெனால்ட்ஸ், பிரான்ஸ்டைன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 2003இல் இதைச் சோதித்தே பார்த்தார்கள். தளம் நகராது என்று கண்ணுக்குத் தெரிகிறது, மூளைக்கும் தெரிகிறது. ஆனாலும் முன்பு பழகிய நகர்வுக்குத் தயாராகிக் கால் வேகமாகப் போகிறது, உடம்பு முன்னால் தள்ளுகிறது. ஆக, பழகாதவர் ஓடுகிற படியில் தடுமாறுகிறார், பழகியவர் ஓடாத படியில் தடுமாறுகிறார். இரண்டும் ஒரே நோய். பழைய கணக்கு.

போன் கதைகள் எல்லோர் வீட்டிலும் உண்டு என்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். டிரங்க் கால் புக் பண்ணி, அரை நாள் காத்திருந்து, கிடைத்த மூன்று நிமிடத்தில் கரகரப்புக்கு நடுவே கத்திப் பேசிய தலைமுறைக்குத் தூரம் என்றால் சத்தம். தாம்பரத்துக்கு ஒரு சத்தம், திருச்சிக்கு அதைவிட, அமெரிக்காவுக்குத் தெருவே எழுந்துவிடும். இன்றைக்கு வாட்ஸாப்பில் பேரனோடு பேசும்போதும் அந்த அளவுகோல் மாறவில்லை. செல்போன் வந்த புதிதில் பேசுகிறவருக்கும் காசு, எடுக்கிறவருக்கும் காசு. 2003வரை இந்தக் கொடுமை இருந்தது. அதில் பிறந்ததுதான் மிஸ்டு கால் மொழி: ஒரு மணி அடித்தால் வந்து சேர்ந்தாச்சு, இரண்டு அடித்தால் கீழே இறங்கி வா. கம்பெனிக்காரன் கனவிலும் நினைக்காத உபயோகம். இதை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, இதற்கு மேனுவல் கிடையாது. முதன்முதலாக ஒரு மெஷினைப் பார்க்கிறவர்கள் விழிப்பது மட்டும்தான் ஜோக்காகிறது. அவர்கள் அதை மடக்கிப் போட்டதை யாரும் ஜோக்காகச் சொல்வதில்லை. எனக்கு அதுதான் பெரிய தமாஷ்.

பதிவு செய்த குரலோடு பேசுவது பற்றி மட்டும் ஒரு வார்த்தை. "நீங்கள் அழைக்கும் வாடிக்கையாளர் தற்போது வேறொரு அழைப்பில் உள்ளார்" என்று அந்தப் பெண் சொன்னதும், "சரிம்மா, வந்தா அத்தை பேசினாங்கன்னு சொல்லு" என்று வைத்துவிடுகிற அத்தைகள் எல்லாக் குடும்பத்திலும் இருக்கிறார்கள். இதைக் கேட்டுச் சிரிக்கிறவர்களுக்கு ஒரு கதை. 1966இல் அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்தில் ஜோசப் வைசன்பாம் என்பவர் எலைசா என்று ஒரு ப்ரோகிராம் எழுதினார். நாம் தட்டுவதையே கேள்வியாகத் திருப்பிப் போட்டு, மனநல மருத்துவர்போலப் பாவலா காட்டும். அவர் அதை உருவாக்கியதைப் பக்கத்தில் இருந்தே பார்த்தவர் அவருடைய செயலாளர். அந்த அம்மாவே அதோடு பேச உட்கார்ந்த கொஞ்ச நேரத்தில், "நீங்கள் கொஞ்சம் வெளியே இருங்கள்" என்று வைசன்பாமை அனுப்பிவிட்டார். நம் அத்தை செய்தி சொல்லிவிட்டு வைத்துவிட்டார், அவ்வளவுதான். இந்த அம்மா ரகசியம் பேசியிருக்கிறார். இன்றைக்கு ஏஐயிடம் "தேங்க்ஸ்பா" என்று தட்டுகிறவர்கள் யார் பக்கம் என்று அவர்களே முடிவு செய்துகொள்ளலாம்.

முட்டாள் ஆளைப் பார்த்துச் சிரிக்கிற ஆசை எவ்வளவு பழசு என்பதற்கு சினிமாவே சாட்சி. சினிமாவைத் தொடங்கிவைத்த லூமியர் சகோதரர்கள் ரயில் வருவதைத் திரையில் காட்டியபோது ஜனங்கள் அலறி ஓடினார்கள் என்று படித்திருப்பீர்கள். அப்படி ஓடியதற்கு உருப்படியான சாட்சியம் இல்லை என்று சினிமா வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். ஆனால் 1902இலேயே எடிசன் கம்பெனி ஒரு குறும்படம் எடுத்துவிட்டது: நாட்டுப்புறத்தான் ஒருவன் தியேட்டரில் உட்கார்ந்து, திரையில் வரும் ரயிலைக் கண்டு ஓடுகிறான், பிறகு திரையில் நடப்பதில் தலையிடப் போய்த் திரையையே கிழித்துவிடுகிறான். அதுவும், முந்தைய வருடம் இங்கிலாந்தில் வந்த ஒரு படத்தைப் பார்த்து எடுத்தது. சினிமா பிறந்து ஏழு வருடம் ஆகவில்லை, அதற்குள் "எங்களுக்கு எல்லாம் தெரியும், அவனைப் பார்" என்று சொல்ல ஒருவன் தேவைப்பட்டுவிட்டான். ஆள் கிடைக்கவில்லை என்றால் உண்டாக்கிக்கொள்வார்கள்.

அதனால்தான் பெற்ற தாய் எஸ்கலேட்டர் முன்னால் தவிப்பதைக் கை கொடுக்காமல் வீடியோ எடுத்து, பின்னணி இசை போட்டு ரீல்ஸில் ஏற்றுகிற பிள்ளைகளைக் கண்டால் எனக்கு எரிச்சல் வருகிறது. அதே அம்மா வீட்டுக்கு வந்து பக்கத்து வீட்டில் தானே அதை நடித்துக் காட்டும்போது பாருங்கள், அதுதான் நகைச்சுவை. புடவையைத் தூக்கிப் பிடித்து, காலை நீட்டி இழுத்து, "நல்லதா ஒண்ணு வரட்டும்னு நின்னேன்டி" என்று சொல்கிற அழகே தனி.

எப்போதும் மனிதன்தான் மெஷினிடம் திணறுகிறான் என்றும் இல்லை. மெஷினும் முதன்முதலாக நம் ஊரைப் பார்த்துத் திணறும். 1895 மே மாதம் மெட்ராசில் டிராம் ஓடியது. இந்தியாவிலேயே முதல் மின்சார டிராம், லண்டனுக்கே அப்போது வரவில்லை. மின்சாரத்தைத் தண்டவாளத்துக்கு நடுவே பள்ளம் தோண்டித் தரைக்கு அடியில் கொண்டுபோகும் ஏற்பாடு. பார்க்க அழகு, கம்பி தொங்காது. அப்புறம் மழைக்காலம் வந்தது. மெட்ராஸ் மழையில் தரைக்கு அடியில் ஒன்றை வைத்தால் என்ன ஆகும் என்று வேளச்சேரிக்காரர் யாரைக் கேட்டாலும் சொல்வார். பள்ளத்தில் தண்ணீர் புகுந்து படுத்துவிட, பிறகு தலைக்கு மேலே கம்பி இழுத்து ஓட்டினார்கள். 1953இல் நிறுத்தும்வரை அப்படித்தான் ஓடியது.

இன்றைக்கு ரேஷன் கடையில் கைரேகை மெஷின் படும் பாடும் அதே கதைதான். ஐம்பது வருடம் பாத்திரம் தேய்த்தும் செங்கல் சுமந்தும் தேய்ந்துபோன விரலை வைத்தால், யார் என்று அதற்குத் தெரியவில்லை. பாட்டி விரலைத் தலைமுடியில் தேய்த்து எண்ணெய் ஏற்றி வைக்கிறார், முந்தானையில் துடைத்து வைக்கிறார், ஊதி வைக்கிறார். அந்தத் தெருவில் அவரைத் தெரியாத ஒரே ஆள் அந்த மெஷின்தான். சிரிப்பு வரும். ஆனால் அரிசி வாங்காமல் திரும்பிப் போகிற நாளில் வராது.

மெஷினை அடக்கி வைத்தவர்களைப் பார்க்க வேண்டும் என்றால் மயிலாப்பூர் மாட வீதிக்குப் போங்கள். பூ விற்கிற ஒரு ஆயா, கூடைக்குப் பக்கத்தில் க்யூஆர் அட்டை, அதன் பக்கத்தில் அந்தப் பேசும் பெட்டி. 2016இல் யுபிஐ வந்தது. நவம்பரில் நோட்டு செல்லாது என்றதும் பூக்கூடைவரை அது இறங்கிவிட்டது. ஒரு இளைஞன் இரண்டு முழம் வாங்கிவிட்டு, போனை நீட்டி, "போட்டாச்சு ஆயா, பாருங்க, பச்சை டிக் வந்துருச்சு" என்றான். ஆயா போனைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பூவைக் கையிலேயே வைத்துக்கொண்டு, "அது சொல்லட்டும் ராஜா" என்றார். ஐந்தாறு நொடி. பெட்டி வாயைத் திறந்து தொகையைச் சொன்னது. பூ கை மாறியது. பழைய ஸ்கிரீன்ஷாட்டைக் காட்டி ஏமாற்றுகிறவர்களைச் சமாளிக்க போலீஸ்காரர்கள் நோட்டீஸ் அடிக்கிறார்கள். ஆயாவுக்கு அது தேவைப்படவில்லை. காட்டுகிறவனை நம்பாதே, காசு கையில் விழுகிற சத்தத்தை நம்பு என்பது சில்லறைக் காலத்திலேயே கற்றது. இங்கே பழைய கணக்கு புது மெஷினுக்கு அப்படியே பொருந்திவிட்டது.

மெட்ரோவின் இரண்டாம் கட்டத்துக்கு ஓட்டுநரே இல்லாமல் ஓடக்கூடிய ரயில்கள் என்று செய்தி வந்ததும், பூந்தமல்லியில் இருக்கும் என் பெரியப்பா மகன் போன் செய்தார். ஆயுள் முழுக்க மாநகரப் பேருந்தில் தொங்கி வேலைக்குப் போனவர். பாதுகாப்பைப் பற்றிக் கேட்பார், பிரேக் யார் போடுவார்கள் என்று கேட்பார் என்று நினைத்து பதிலோடு தயாராக இருந்தேன்.

"அதெல்லாம் கெடக்கட்டும்பா. நம்ம ஓடி வர்றத கண்ணாடியில பாத்துட்டு ஒரு நிமிஷம் ஸ்லோ பண்ணுவாரே, அதை இனிமே யாரு பண்ணுவா?"